மஞ்சள் துணிக்குள் கிடந்த நாலு நிமிஷம்

கிண்ணியாவில் உறங்கும் என் மச்சான் நஸீருக்கு,

கடைசிக் காட்சி வந்துவிட்டது, மச்சான். நேற்றுக் காலை பதினொரு மணிக்கு, உன் மகள் சஹ்லா படிப்பிக்கிற பள்ளிக்கூடத்தில், ஜன்னல்களுக்கு மேசை விரிப்புகளைத் தொங்கவிட்டு, நாங்கள் ஐந்து பேர் இருந்து பார்த்தோம். நாலு நிமிஷம் ஆறு செக்கன். என் கைக்கடிகாரத்தில் பார்த்துக் குறித்தேன். அந்த நேரத்திலும் குறித்தேன் என்றால் நீ சிரிப்பாய். சிரி.

முக்கியமானதை முதல் வரியில் சொல்லிவிட வேண்டும் என்பது என் தொழில். அதைச் சொல்லியாயிற்று. இனி ஒழுங்காகச் சொல்கிறேன். இந்தக் கடிதம் பத்திரிகையில் வருகிறது, ஆகவே உன்னை அறியாதவர்களும் வாசிப்பார்கள். நீ யார் என்று அவர்களுக்கு முதலில் சொல்ல வேண்டும். கொஞ்சம் பொறுத்துக்கொள்.

கிண்ணியாப் பாலம் வருவதற்கு முன், ஆட்களையும் வாகனங்களையும் ஏற்றிக் கடக்கிற மிதவையில், வீடியோ கமராவைப் பிள்ளை மாதிரி மடியில் வைத்துக்கொண்டு நகரத்துக்கு வந்துபோனவன் நீ. கலியாண வீடுகளில் படம் பிடித்தாய். தோப்பூரில் ஒரு கலியாணத்தில் மாப்பிள்ளை மோதிரம் போட்ட நேரம், உன் கமரா குசினிப் பக்கம் போய், பிரியாணிச் சட்டியடியில் நின்று வியர்வையைத் துடைத்த பெண்ணின் வாப்பாவைப் பிடித்துக்கொண்டிருந்தது. "கலியாணம் எங்க தம்பி?" என்று வீட்டுக்காரர் கத்தினார்கள். "இதுதான் கலியாணம்" என்றாய். அந்த வாப்பா அடுத்த நோன்புக்கு முன் மவுத்தாகிவிட்டார். அவர்களே வந்து அந்த நாடாவுக்கு ஐந்து பிரதி கேட்டார்கள்.

பிறகு கொழும்பு. சிங்களப் படப்பிடிப்புகளில் பெட்டி தூக்கினாய், லென்ஸ் மாற்றினாய், ஃபோகஸ் பிடித்தாய். பதினோராம் வருஷம்தான் கமராவின் கண்ணில் உன் கண்ணை வைக்க விட்டார்கள். ஊருக்கு வரும்போது சோதனைச் சாவடியில் உன் லைட் மீற்றரைப் பார்த்து ஒரு சிப்பாய் பயந்துபோக, அதை அவன் கன்னத்துக்குக் கிட்டப் பிடித்து, "உங்கட முகத்தில நல்ல வெளிச்சம்" என்று சிங்களத்தில் சொன்னாயே. அவன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து நின்றான். பின்னால் நின்ற நான் என் அடையாள அட்டையைத் தலைகீழாக நீட்டினேன்.

சின்னத்திரை நாடகங்கள், மற்றவர்களின் படங்கள், பரிசுகள் எல்லாம் வந்தன. ஆனால் உன் ஆசை ஒன்றே ஒன்று. திருகோணமலைத் துறைமுகத்தில், தமிழில், பிலிமில் ஒரு படம். உலகமே பிலிமைக் கைவிட்டுக்கொண்டிருந்த காலத்தில் எந்தத் தயாரிப்பாளர் சம்மதிப்பார்? ஆகவே நீயே தயாரிப்பாளர் ஆனாய். "தயாரிப்பாளர் ஏலாது எண்டிட்டார், மச்சான்" என்று முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு வருவாய். "யாரு தயாரிப்பாளர்?" என்பேன். "அந்த நஸீர்தான். சரியான கஞ்சன். நான் கதைச்சுப் பாக்கிறன்." அடுத்த நாள் தயாரிப்பாளர் சம்மதித்திருப்பார்.

படத்துக்கு 'ஒன்பது பாகத் தண்ணி' என்று பெயர் வைத்தாய். ஒன்பது பாகம், ஐம்பத்துநாலு அடி ஆழத்தில் காணாமற்போன புருஷனை, மூதூர் லோஞ்சுப் படகு வந்தடையும் ஜெற்றியில் இருந்து பார்த்துக்கொண்டிருக்கும் ஒருத்தியின் கதை. நிலாவெளியில் நாடகம் படிப்பிக்கிற சுகந்தி ரீச்சர்தான் அவள். அதற்கு முன் அவர் கமராவுக்கு முன் நின்றதில்லை. படம் முழுவதும் எடுத்தாய், கழுவினாய், வெட்டி ஒட்டினாய். கடைசிக் காட்சி மட்டும் மிச்சம். அந்தக் கடைசிக் கிழமையில், கொழும்பில் ஒரு ஸ்ரூடியோ வாசலில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தாய்.

பத்து வருஷம், மச்சான்.

இந்த இடத்தில் என் குற்றத்தைச் சொல்ல வேண்டும். உன்னைப் பற்றிய இரங்கல் செய்தியை நான்தான் எழுதினேன். "கடைசிக் காட்சி படமாக்கப்படாமலே இருந்தது" என்று எழுதினேன். எந்தச் செய்தியையும் இரண்டு பேரிடம் கேட்டு உறுதிப்படுத்துகிறவன் நான். அன்றைக்கு ஒருவரிடமும் கேட்கவில்லை. ஏனென்றால் கடைசிக் காட்சிக்கு நீ கமராவோடு போன காலையில் ஜெற்றியில் நானே நின்றேன். நீ ஒத்திகைதான் பார்த்தாய் என்பதை என் இரண்டு கண்ணாலும் கண்டேன். கண்டதாக நினைத்தேன்.

உன் பழக்கம் எனக்குத் தெரியாதா? நீ 'அக்ஷன்' என்று கத்த மாட்டாய். கத்தினால் ஆட்களின் முகம் இறுகிவிடும் என்பாய். "சும்மா பாப்பம்" என்பாய், அவ்வளவுதான். எது ஒத்திகை, எது உண்மை என்று நடிக்கிறவர்களுக்கே தெரியாது. இதைப் பற்றி ஒரு கட்டுரையே எழுதியிருக்கிறேன். எழுதினவனே ஏமாந்தேன்.

சரி, இப்போது நடந்ததற்கு வருகிறேன்.

இரண்டு மாதத்துக்கு முன் கொழும்பிலிருந்து ஒரு கம்பனி சஹ்லாவிடம் வந்தது. படத்தை வாங்கி, கடைசிக் காட்சியைப் புதிதாக எடுத்து வெளியிடுகிறோம் என்றார்கள். அவர்களுடைய முடிவில் புருஷன் உயிரோடு திரும்பி வருகிறான். ட்ரோன் கமரா மேலே சுற்றுகிறது, ஒரு பாட்டு வருகிறது. சஹ்லாவுக்குப் பிடிக்கவில்லை. ஆனால் பத்து வருஷத்தில் வந்த ஒரேயொரு ஆள் அவர்கள்தான். உன் மனைவி பரீதாவுக்கும் முழங்கால் வருத்தம், படத்தைத் திரையில் பார்த்துவிட்டுத்தான் கண்ணை மூட வேண்டும் என்கிறார். "முடிவில்லாத படத்த வச்சி நான் என்ன செய்யிற, மாமா?" என்று சஹ்லா என்னிடம் கேட்டாள். திங்கட்கிழமை கையெழுத்து என்று முடிவாயிற்று.

அதற்கு முந்திய வெள்ளிக்கிழமை நான் சல்லி என்கிற கடற்கரை ஊருக்குப் போனேன். அங்கே தவமணி என்கிற அம்மா நடத்துகிற மீன் ஐஸ் அறைக்குப் புது மெஷின் வருகிறது. பழைய அறையை உடைக்கிறார்கள். மாவட்டச் செய்திக்கு நாலு வரி, ஒரு படம், அவ்வளவுதான் என் வேலை. போனால் வாசலில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடி நிற்கிறார்கள். நடுவில் ஒரு பலகை. பலகையில் மஞ்சள் துணியில் கட்டிய ஒரு பொதி, மேலே பூ, துணி நிறையச் சந்தனமும் குங்குமமும் காய்ந்து அடை அடையாக இருக்கின்றன.

"பேப்பர்காரத் தம்பி, நல்ல நேரத்தில வந்தனீங்கள்" என்றார் தவமணி அம்மா. "இது அம்மன்ர பொதி. பத்து வருஷமா எங்கட ஐஸ் அறையில இருக்கு. கோயிலுக்குக் குடுப்பம் எண்டால், உள்ளுக்கு என்ன எண்டு தெரியாமல் எடுக்க ஏலாது எண்டு பூசாரி சொல்லிப்போட்டார். அதுதான் எல்லாருக்கும் முன்னால திறக்கப் போறம்."

"அம்மன்ர பொதி எண்டு யார் சொன்னது?"

"யார் சொல்ல வேணும்? கோயில் பொங்கல் நேரம் மேல் தட்டில தானா வந்து இருந்தது. மஞ்சள் துணி. எழுத்தையும் பாருங்கோ. மனிசர் எழுதின மாதிரியா கிடக்கு?"

பக்கத்தில் நின்றவர் கத்தியைக் கயிற்றில் வைத்துவிட்டார். நான் குனிந்து பார்த்தேன். துணியில் கறுப்பு மையில் மூன்று வரி. வெளிச்சம் படக்கூடாது. திறந்தால் எல்லாம் போச்சு. நானே வந்து எடுப்பன்.

அது மனிதர் எழுதின எழுத்துத்தான், மச்சான். மனிதருக்குள் அப்படி எழுதுகிறவன் நீ ஒருவன்தான். உன் 'டு'வைப் பார்த்து வாசிக்க ஏலாமல் முப்பது வருஷம் உன்னோடு சண்டை பிடித்தவன் நான்.

"நிப்பாட்டுங்கோ!" என்று கத்தினேன். கத்திக்காரர் துள்ளிப் பின்னால் போனார். சல்லியில் நான் சத்தம் போட்டு ஒருவரும் கேட்டதில்லை. அந்தப் பொதியை என் சேர்ட்டால் மூடிக்கொண்டேன். ஓம், சேர்ட்டைக் கழற்றித்தான். துணிக்குள் இருந்தது மூடிய பிலிம் டின், அதற்கு மேலே சேர்ட் எதற்கு என்று இப்போது கேட்கலாம். அப்போது யோசிக்கவில்லை.

அந்தத் துணி கமரா துடைக்கிற மஞ்சள் துணி. அது அங்கே எப்படிப் போனது? உன் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டி அந்தக் கிழமை பழுதாகிக் கிடந்தது என்று பரீதா சொல்கிறார். கழுவாத பிலிமைக் குளிரில் வைக்க வேண்டும். காட்சி எடுத்த கையோடு சல்லிக்குப் போய், ஐஸ் அறை வாசலில் நின்ற யாரிடமோ கொடுத்திருப்பாய். மீன்பிடிப் பருவத்துக்கு வந்து வேலை செய்கிறவர்கள் பருவம் முடியத் தங்கள் ஊருக்குப் போய்விடுவார்கள். அவரும் போயிருப்பார். இது என் ஊகம். உறுதிப்படுத்த ஆள் இல்லை. இந்த முறை ஊகம் என்றே எழுதுகிறேன்.

ஆனால் ஒன்றை உறுதிப்படுத்தினேன். தவமணி அம்மாவிடம் ஒருமுறை, அங்கே ஐஸ் உடைக்கிற இருவரிடம் ஒருமுறை கேட்டேன். மின்சாரம் நிற்கிற நாட்களில் அவர்கள் முதலில் ஐஸ் குவித்தது மீனுக்கு அல்ல, அந்தப் பொதிக்கு. "மீன் பழுதானால் நட்டம். அம்மனுக்குச் சூடு பட்டால் ஊருக்கே கூடாது" என்றார் தவமணி அம்மா. வெள்ளிக்கு வெள்ளி சந்தனம் வைத்திருக்கிறார்கள். படம் கழுவுகிற எந்த லாபில், மச்சான், உன் பிலிமை இப்படிப் பார்த்திருப்பார்கள்?

"இது அம்மன்ர இல்லை, அம்மா. கிண்ணியா நஸீர்ர" என்று மெல்லச் சொன்னேன்.

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அந்த முஸ்லிம் கமராக்காரத் தம்பியோ? பொங்கலுக்கு எங்கட கும்பத்தை வடிவா எடுத்தவர். செத்துப் போனாரே." பொதியில் இருந்த பூவை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பிறகு ஒரு ஐஸ் பெட்டியைக் கொண்டு வரச் சொன்னார். "அப்ப ஏன் நிக்கிறீங்கள்? சூடு படுது. கொண்டு ஓடுங்கோ."

ஓடினேன். சேர்ட்டைத் திரும்பப் போட்டேனா என்பது கிண்ணியாப் பாலத்தில்தான் ஞாபகம் வந்தது. போட்டிருந்தேன், பொத்தான் மாறி.

சஹ்லா பள்ளிக்கூடத்தால் வந்து முகம் கழுவிக்கொண்டிருந்தாள். பெட்டியைத் திறந்து காட்டினேன். அவள் துணியைத் தொட்டாள், எழுத்தைப் பார்த்தாள். அழுவாள் என்று நினைத்தேன். அவளுக்குக் கோபம் வந்தது.

"நீங்கதானே எழுதினீங்க, எடுக்கல்ல எண்டு."

"ஓம் மகள். நான்தான்."

"இப்ப இதுக்குள்ள படம் இருக்கா இல்லையா?"

"தெரியாது. சும்மா வெறும் பிலிமாகவும் இருக்கலாம்."

பரீதா கதிரையில் இருந்தபடியே கையை நீட்டி அந்தத் துணியை மணந்து பார்த்தார். "மீன் மணக்குது" என்றார். பிறகு சொன்னார், "அவர் ஒண்டும் இல்லாத டின்னுக்கு இவ்வளவு எழுத மாட்டார்."

சஹ்லா கம்பனிக்குப் போன் எடுத்தாள். ஒரு மாதம் தாருங்கள் என்றாள். தர மாட்டோம், திங்கள் இல்லையென்றால் வேறு படத்துக்குப் போகிறோம் என்றார்கள். டின்னுக்குள் ஒன்றும் இல்லாவிட்டால் உன் படம் இனி ஒருநாளும் வெளியில் வராது என்பது அவளுக்குத் தெரியும். போனைக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். இதில் முடிவு சொல்ல எனக்கு என்ன உரிமை? "அப்ப வேற படத்துக்குப் போங்க" என்று வைத்துவிட்டாள். கணக்கு ரீச்சர், மச்சான். கணக்குப் பார்க்காமல் எடுத்த முடிவு. உன் மகள்.

பிலிம் கழுவுகிற இடம் இப்போது நம் நாட்டில் கிடைக்கவில்லை. லீவு போட்டு அவளே இந்தியாவுக்குக் கொண்டு போனாள். கட்டுநாயக்கா விமான நிலையத்தில் பையை எக்ஸ்ரே மெஷினுக்குள் வைக்கச் சொன்னார்களாம். அதில் வைத்தால் படத்துக்குக் கேடு. மேலதிகாரி வந்து குங்குமம் அப்பிய மஞ்சள் பொதியைப் பார்த்தார், முக்காடு போட்ட இவளைப் பார்த்தார். என்ன இது என்று கேட்டார். "எங்கட வாப்பாட கடைசி வேலை" என்று மட்டும் சொன்னாளாம். கையால் தடவிப் பார்த்து விட்டுவிட்டார். என்ன நினைத்து விட்டாரோ, அவருக்கே வெளிச்சம்.

ஒன்பது நாள் ஒரு செய்தியும் இல்லை. பத்தாம் நாள் காலை, மீன் சந்தையில் பாரைக்கு விலை கேட்டுக்கொண்டு நிற்கிறேன், போன் வருகிறது. "மாமா, படம் இருக்கு. உங்களுக்கு ஒண்டும் சொல்ல மாட்டன். வந்து பாருங்க." சொல்லும்போதே சிரிக்கிறாள். எனக்கு ஏன் சிரிக்கிறாள் என்று விளங்கவில்லை. பாரையை வாங்காமல் வந்துவிட்டேன்.

அதுதான் நேற்று. பரீதா, சஹ்லா, சுகந்தி ரீச்சர், தவமணி அம்மா, நான். தவமணி அம்மா செருப்பை வெளியில் கழற்றிவிட்டு உள்ளே வந்தார்.

வெளிச்சம் வந்தது, மச்சான். அந்தக் காலை அப்படியே வந்தது. துறைமுகத் தண்ணீர் ஈயம் மாதிரி அசையாமல் கிடக்கிறது. ஜெற்றி விளிம்பில் சுகந்தி. தூரத்தில் ஒரு படகு புள்ளியாகத் தெரிந்து பெரிதாகி வருகிறது. நீ அவசரப்படவில்லை. படகு வந்து தொட, அதில் இருந்தவர் அவளைப் பார்த்து இல்லை என்று தலையசைக்கிறார். அவள் எழும்பப் போனவள் திரும்பக் குந்துகிறாள். கதையில் நீ எழுதியபடி முடிவு இதுதான். இரண்டு நிமிஷம் ஐம்பது செக்கன்.

ஆனால் கமரா நிற்கவில்லை.

வலது பக்கத்தால் ஒரு ஆள் வருகிறான். அரைக்கைச் சேர்ட், பொக்கற்றில் பேனா, இரண்டு கையிலும் பிளேன்ரீ, பால் விடாத தேத்தண்ணி. சிந்தாமல் இருக்க வாத்து மாதிரி நடக்கிறான். நான்!

பரீதா வாயைப் பொத்திக்கொண்டார். சுகந்தி ரீச்சர் "ஐயோ, சேர்" என்றார். எனக்குக் காது சூடாகிவிட்டது. திரையில் நான் குனிந்து ஒரு கிளாசை அவளுக்கு நீட்டுகிறேன். அவள் என்னை யார் என்பது மாதிரிப் பார்க்கிறாள். பிறகு வாங்கி, இரண்டு கையாலும் பிடித்து, ஊதி, குடிக்கிறாள். படம் முழுவதும் பச்சைத் தண்ணீரும் இறங்காதவள் குடிக்கிறாள். நான் போய்விடுகிறேன். நீ அவளிடமே நிற்கிறாய். அவள் கடைசிச் சொட்டு வரை குடித்து, கிளாசைப் பக்கத்தில் வைத்துவிட்டு எழும்புகிறாள். தண்ணீருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஊருக்குள் நடக்கிறாள். நாலு நிமிஷம் ஆறு செக்கன்.

 தவமணி அம்மாதான் முதலில் மூக்கை உறிஞ்சினார். "நல்ல காலம், அந்தப் பிள்ளை குடிச்சிட்டுது" என்றார்.

"அண்டைக்கு எனக்கு உண்மையாவே பசி, அம்மா" என்றார் சுகந்தி. "விடிய நாலு மணிக்குக் கூட்டிக்கொண்டு வந்தவர், ஒரு பாண் துண்டும் தரேல்லை. எடுக்கிறார் எண்டு தெரிஞ்சிருந்தால் நான் குடிச்சிருக்க மாட்டன்." சிரித்துக்கொண்டே அழுதார். இரண்டையும் ஒரே நேரத்தில் நன்றாகச் செய்தார். நீ எடுத்திருப்பாய்.

நான் சஹ்லாவிடம் என் பகுதியை வெட்டச் சொன்னேன். செய்தி எழுதுகிறவன் செய்திக்குள் நிற்கக்கூடாது, மகள், அது அழகில்லை என்றேன். அவள் ஒரு சீட்டைத் தந்தாள். டின்னுக்குள், பிலிம் சுற்றிய கறுப்புப் பைக்கு வெளியே மடித்து வைத்திருந்ததாம். லாபில் இருட்டுக்குள் கையில் தட்டுப்பட்டு எடுத்திருக்கிறார்கள். உன் எழுத்து. "ஒத்திகை இல்லை. ஒரே தடவை. தேத்தண்ணி வந்தது. இதுதான் முடிவு."

ஒன்று மட்டும் கேட்கிறேன், மச்சான். அன்றைக்கு நீ கமராவுக்குப் பின்னால் இருந்துகொண்டு என்னிடம் சொன்னது எனக்கு நல்ல ஞாபகம். "அந்தப் புள்ளைக்கு ஒரு பிளேன்ரீ வாங்கிக் கொண்டுபோய்க் குடு. இந்தப் பக்கத்தால போ, மச்சான்." நான் ஈரத்தில் வழுக்கிவிடுவேன் என்று சொல்கிறாய் என்று நினைத்தேன். ஏன் இந்தப் பக்கத்தால்? தெரிந்துதான் அனுப்பினாயா? அல்லது சும்மா பார்த்தாயா?

முப்பது வருஷம் ஆட்களிடம் கேள்வி கேட்டவன் நான். இதற்கு மட்டும் கேட்க ஆள் இல்லை.

வருகிற சனிக்கிழமை காலை பத்து மணிக்கு நகர மண்டபத்தில் படம் காட்டுகிறோம். கம்பனி இல்லை, ட்ரோன் இல்லை. திரையில் தயாரிப்பு என்று இரண்டு பெயர் வரும். நஸீர், சஹ்லா நஸீர். அந்தக் கஞ்சன் தயாரிப்பாளருக்கு இனிக் கணக்கு ரீச்சர் துணை. நன்றி என்ற இடத்தில் சல்லி ஐஸ் அறையும் வரும். பரீதாவுக்கு முன் வரிசையில் கால் நீட்ட இடம் விட்டிருக்கிறோம்.

உனக்கு வாக்குத் தருகிறேன். உன் இரங்கல் செய்தி வந்த அதே பக்கத்தில், அதே அளவு எழுத்தில், நாளை என் திருத்தம் வரும்: 'கடைசிக் காட்சி படமாக்கப்பட்டிருந்தது. தவறு செய்தியாளருடையது. அதில் தேத்தண்ணி கொண்டு வருகிறவரும் அவரே.' சஹ்லாவிடம் வெட்டச் சொல்லி இனி ஒருநாளும் கேட்க மாட்டேன். சனிக்கிழமை படம் முடிந்ததும் ஜெற்றிக்குப் போய், இரண்டு பிளேன்ரீ வாங்கி, நீ காட்டிய அந்தப் பக்கத்தாலேயே நடந்து வருவேன். சிந்தாமல்.

நீ சொன்ன இடத்துக்குத் தேத்தண்ணி கொண்டுவந்த
உன் மச்சான்,
தேவன்